கட் சொல்லாத ஷாட்

அந்த நடிகை கேமராவுக்கு முன்னால் சாகும்போது உண்மையாகவே செத்துப்போவாள். இயக்குநர் கட் சொன்னதும் எழுந்து, உடையில் ஒட்டிய தூசியைத் தட்டிவிட்டு, டீ வந்துவிட்டதா என்று கேட்பாள். முதல் படத்தில் இது யாருக்கும் தெரியவில்லை. அதில் அவள் கதாநாயகனுக்கு அம்மா. இடைவேளைக்குச் சற்று முன்பு படிக்கட்டில் உருண்டு விழ வேண்டும். அப்போது அவளுக்குக் கதாநாயகனைவிட வயது குறைவு என்பதை இந்தத் தொழிலில் யாரும் ஒரு பொருட்டாக நினைக்கவில்லை. விழுந்தாள், செத்தாள், எழுந்தாள். இரண்டாவது படத்தில் காய்ச்சல் வந்து சாகும் வேடம். டாக்டராக நடித்தவர் நிஜ வாழ்விலும் டாக்டர், நடிப்பு ஆசையில் வந்தவர். நாடியைப் பிடித்துப் பார்த்தவருக்கு வசனம் மறந்துபோனது. "இல்லைங்க… நிஜமாவே நாடி இல்லைங்க" என்று நடுங்கினார். இயக்குநருக்கு அது எழுதிய வசனத்தைவிடப் பிடித்துப்போய்விட, ஓகே சொல்லிக் கட்டும் சொன்னார். அவள் எழுந்து உட்கார்ந்து, "என்ன டாக்டர், உங்க கை இப்படிச் சில்லுன்னு இருக்கு?" என்றாள். அவர் அதற்குப் பிறகு நடிக்க வரவில்லை.

இந்தச் செய்தி ஒரு படப்பிடிப்புத் தளத்திலிருந்து இன்னொன்றுக்குப் பரவியது. பரவியதும் ஒருவராவது பதறியிருக்க வேண்டும் அல்லவா? பதறவில்லை. வேடங்கள்தான் வந்து குவிந்தன. வேறு யார் செத்தாலும் இமை துடிக்கும், வயிறு ஏறி இறங்கும். இவள் செத்தால் துணிந்து குளோசப் வைக்கலாம். ஆகவே அவளை மாடியிலிருந்து தள்ளினார்கள், விஷம் வைத்தார்கள், பெற்ற மகன் கையால் சுட்டார்கள், பிரசவத்தில் மட்டுமே பல தடவை சாகடித்தார்கள். கதாநாயகன் அழுவதற்கு ஒரு காரணம் வேண்டுமென்றால் தயாரிப்பாளர்கள் கேட்ட முதல் கேள்வி, "செத்தக்கா ஃப்ரீயா?" என்பதுதான். முகத்துக்கு நேராகவே அப்படித்தான் கூப்பிட்டார்கள். அவளும் கோபப்படாமல் என்ன என்று திரும்பினாள். வாய்ப்பில்லாமல் வீட்டில் உட்கார்ந்திருப்பதுதான் சாவு, மற்றதெல்லாம் வேலை என்று அவள் நினைத்தாள்.

அவள் கணவர் லைட்மேன். மனைவி சாகிற நாட்களில் மட்டும் விளக்குகளை அடுத்தவரிடம் ஒப்படைத்துவிட்டு, இயக்குநரின் நாற்காலிக்குப் பின்னால் வந்து நின்று அவர் வாயையே பார்த்துக்கொண்டிருப்பார். ஆக்‌ஷன் சொன்ன அதே வாய்தான் கட்டும் சொல்ல வேண்டும். மற்றவர்கள் தொண்டை கிழியக் கத்தினாலும் பலனில்லை. இதை விளையாட்டாகச் சோதித்துப் பார்த்த உதவி இயக்குநர் ஒருவர் கணவரிடம் அறை வாங்கியிருக்கிறார். செத்தக்கா தளத்தில் இருக்க வேண்டும் என்றுகூட இல்லை. ஒரு படத்தில், "அம்மா போன வாரம் போய்ச் சேர்ந்துட்டாங்க" என்று கதாநாயகி போனில் சொல்வதோடு அவள் பாத்திரத்தை முடித்துவிட்டார்கள். அங்கே அந்த வசனம் சொல்லப்பட்டபோது காய்கறிக் கடையில் நின்றிருந்தவள் கத்தரிக்காய்க் கூடைமேல் சாய்ந்தாள். ஷாட் முடிந்ததும் எழுந்து, மிச்சக் காயை வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போனாள். அந்தக் கடைக்காரர் அதற்குப் பிறகு அவளுக்கு வாடிய காயை எடுத்துப் போடவே பயந்தார்.

தப்பு நடந்தது ஒரு மதிய நேரத்தில். குடும்பப் படம் ஒன்றில் அவள் கூடத்தின் நடுவில் செத்துக் கிடந்தாள். விளக்கு முகத்தில் சரியாக விழவில்லை என்று இயக்குநருக்கும் ஒளிப்பதிவாளருக்கும் வாய்ச்சண்டை வந்தது. சண்டை முற்றிக்கொண்டிருக்கும்போதே, சாப்பாடு வந்துவிட்டது என்று யாரோ குரல் கொடுத்தார்கள். அவ்வளவுதான், சண்டை போட்டவர்கள் உட்பட மொத்த யூனிட்டும் சாப்பிடப் போய்விட்டது. கட் சொல்லவில்லை. இயக்குநர் கோபத்தில் காரை எடுத்துக்கொண்டு வீட்டுக்கே கிளம்பிவிட்டார். கணவர் செருப்புகூடப் போடாமல் அவரைத் தேடி ஓடினார். பள்ளி விடுமுறையில் அம்மாவோடு வந்திருந்த மகள் மட்டும் அந்தக் காலியான தளத்தில் அம்மாவின் தலையை மடியில் வைத்துக்கொண்டு, விறைக்கிற விரல்களைத் தேய்த்துத் தேய்த்துச் சூடேற்றிக்கொண்டிருந்தாள். ஒரு வழியாக இயக்குநரை அழைத்து வந்தார்கள். "சொல்லலையா நான்? அட, மறந்தே போச்சே" என்று சிரித்துக்கொண்டே கட் சொன்னார். அம்மா எழவில்லை. விளக்குகளை இறக்கி, வயர்களைச் சுருட்டத் தொடங்கிய பிறகுதான் அவள் கண்ணைத் திறந்தாள். இனி எவன் வாயையும் நம்பி அம்மாவை விட முடியாது என்று மகள் அன்றைக்கே முடிவு செய்துவிட்டாள்.

அதன்பின் ஒவ்வொரு தடவையும் தாமதம் கூடிக்கொண்டே போனது. கட் சொன்னால் உடனே எழுகிறவள், ஒரு டீ ஆறுகிற நேரம் எடுத்தாள்; பிறகு ஒரு பொழுது எடுத்தாள். மகள் படிப்பை முடித்த கையோடு உதவி இயக்குநராகச் சேர்ந்தாள், பல்லைக் கடித்துக்கொண்டு திட்டு வாங்கினாள், தொலைக்காட்சியில் இயக்குநரானாள். அதற்குள் செத்தக்கா ஒரு வெள்ளப் படத்தில் மூழ்கிச் செத்து, மறுநாள் மத்தியானம்தான் எழுந்தாள். எழுந்தவள் பக்கத்தில் இருந்த மகளை மரியாதையாகப் பார்த்து, "நீங்க யாருங்க?" என்று கேட்டாள். சாயங்காலத்துக்குள் ஞாபகம் வந்துவிட்டது. ஆனாலும் இன்னொரு தடவை போனால் அம்மா திரும்ப மாட்டாள் என்பது மூன்று பேருக்கும் தெரிந்தது. கணவர் முதல்முறையாகக் குரலை உயர்த்தி, "போதும். செத்தது போதும்" என்றார்.

மகள் ஒரு தொடரை எடுத்தாள். அதில் அம்மாவுக்குச் சாகாத மாமியார் வேடம். கண்ணீர் விடலாம், திட்டலாம், சாவிக் கொத்தை ஆட்டலாம், சாக மட்டும் கூடாது. செத்தக்கா வாழ்க்கையில் முதல்முறையாக இடைவேளையைத் தாண்டினாள். வருஷக் கணக்கில் அந்தத் தொடர் ஓடியது. அவள் கொஞ்சம் சதை போட்டாள், கன்னம் மினுமினுத்தது. புதிதாக வந்தவர்கள் அவளுக்கு ஏன் அந்தப் பட்டப்பெயர் என்று தெரியாமலே செத்தக்கா என்று கூப்பிட்டார்கள். நல்லபடியாகப் போய்க்கொண்டிருந்தபோது சானலுக்கு ஒரு புதிய அதிகாரி வந்தார். பார்க்கிறவர்கள் குறைந்துவிட்டார்கள், வீட்டில் ஒரு பெரிய சாவு விழுந்தால்தான் தொடர் எழும் என்றார்.

மகள் அவர் அறைக்குப் போய் எல்லாவற்றையும் சொன்னாள். அவர் பொறுமையாகக் கேட்டார். நம்பினாரா என்றால், நம்பத்தான் செய்தார், அதுதான் கொடுமை. "அப்போ இன்னும் நல்லா வருமே மேடம்" என்றார். மகள் எடுக்க முடியாது என்று எழுந்தாள். அவர் கோபப்படவில்லை. "பரவால்ல. எடுக்க வேணாம். எபிசோடு ஆரம்பத்துல அம்மா காலமாயிட்டாங்கன்னு ஸ்கிரீன்ல எழுதி ஒரு கார்டு போட்டுக்கறோம். கதை எப்படியும் நகரும்." கார்டுக்கு ஆக்‌ஷன் கிடையாது, கட்டும் கிடையாது. வீட்டில் எங்காவது சரிந்து கிடப்பவளை எழுப்புவதற்கு எந்த வாயும் இருக்காது.

வீட்டில் மூன்று பேரும் சாப்பாட்டு மேசையைச் சுற்றி உட்கார்ந்தார்கள். ஒளிந்துகொள்ளலாம் என்றார் கணவர். எங்கே ஒளிவது என்று அவரே கேட்டுக்கொண்டார். மகள் அழுதாள். செத்தக்காவுக்கும் பயம்தான்.

"நீயே எடு" என்றாள் மகளிடம். "உன் வாயால கட் கேட்டா, எங்க இருந்தாலும் வர முயற்சி பண்ணுவேன்."

"வரலன்னா?"

"நீ எடுத்த ஷாட்டுல போனேன்னு இருக்கட்டும். வேற எவனோ போட்ட கார்டுல போக வேணாம்."

அந்த நாளில் தளத்தில் ஒருவரும் சத்தமாகப் பேசவில்லை. காட்சி சின்னதுதான். மாமியார் சமையலறையிலிருந்து டீ கொண்டுவந்து மருமகள் முன்னால் வைக்கிறாள், நெஞ்சைப் பிடித்துக்கொள்கிறாள், சரிகிறாள், மருமகள் அலறுகிறாள். மூன்று கேமராக்கள் தயாராக இருந்தன. கணவர் மகளின் நாற்காலிக்குப் பின்னால் வந்து நின்றார். அதிகாரியும் வந்து ஓரமாக உட்கார்ந்திருந்தார். மகள் ஆக்‌ஷன் சொல்வதற்கு முன்னால் தண்ணீர் குடித்தாள், பிறகு சொன்னாள்.

செத்தக்கா வந்தாள். டீயை வைத்தாள். வலது கை நெஞ்சுக்குப் போனது. அந்தக் கை நெஞ்சில் கொஞ்ச நேரம் இருந்துவிட்டு, புடவைத் தலைப்பைச் சரிசெய்துகொண்டு இறங்கியது. "ஆறிடப்போகுது, குடிம்மா" என்றாள். மருமகளாக நடித்த பெண் அலறுவதற்குத் திறந்த வாயை என்ன செய்வதென்று தெரியாமல், "குடிக்கிறேன் அத்தை… சூடா இருக்கு" என்றாள். "திரைச்சீலை எல்லாம் அழுக்காயிருக்கு பாரு. நாளைக்கு ஊற வைக்கணும்." மருமகள் திரைச்சீலையைப் பார்த்து, ஆமாம் அத்தை என்றாள். அதிகாரி எட்டிப் பார்த்தார். "என்ன மேடம் இது, சாகவே இல்ல? கட் பண்ணுங்க, ரீடேக் போவோம்."

மகளுக்கு அப்போதுதான் விளங்கியது. கட் சொன்னால் ரீடேக். ரீடேக்கில் அம்மா செத்தாக வேண்டும். சொல்லாத வரைக்கும் இந்த ஷாட்டில் அம்மா உயிரோடு டீ கொடுத்துக்கொண்டிருப்பாள். இத்தனை வருஷம் அந்த ஒரு வார்த்தையைச் சொல்வதற்காகவே வளர்ந்தவள், இரண்டு கையாலும் தன் வாயைப் பொத்திக்கொண்டாள். அதிகாரி எழுந்து தானே கட் என்று கத்தினார், மேசையைத் தட்டினார். கேமராக்காரர்கள் அசையவில்லை. அம்மா பயத்தில்தான் சாகாமல் நழுவினாள் என்று கணவர் பிற்பாடு சொன்னார். இல்லை, அது நடிப்பு என்று உதவி இயக்குநர்கள் சாதித்தார்கள். அவளிடம் கேட்பதற்கு வழியில்லை, ஏனென்றால் ஷாட் ஓடிக்கொண்டிருந்தது.

மகளை வேலையை விட்டு நீக்கினார்கள். அது செல்லாது என்று இயக்குநர்கள் சங்கம் சொல்லிவிட்டது. ஓடுகிற ஷாட் ஆக்‌ஷன் சொன்னவருடையது, நடுவில் இயக்குநரை மாற்றும் வழக்கம் எந்தத் தளத்திலும் கிடையாது. ஷாட் முடியாமல் எடிட்டிங்குக்குப் போகாது, எடிட்டிங்குக்குப் போகாமல் கார்டு போட இடம் இல்லை. வேறு வழியில்லாமல் சானல் அதை அப்படியே நேரலையாக விட்டது. ஒரு கிழவி திரைச்சீலை துவைப்பதையும் பருப்பில் கல் பொறுக்குவதையும் ஊரே வைத்த கண் வாங்காமல் பார்த்தது. அதிகாரிக்குப் பதவி உயர்வு கிடைத்தது.

ஒரு கேமராவுக்குப் பேட்டரி மாற்றும்போது மற்ற இரண்டும் ஓடின. யூனிட் முறை வைத்து வேலை பார்த்தது. மருமகளாக நடித்த பெண், "எங்க அம்மா வீட்டுக்குப் போய்ட்டு வரேன் அத்தை" என்று கதைக்குள்ளேயே சொல்லிக்கொண்டுதான் வீட்டுக்குப் போக முடிந்தது. கணவர் ஒரு நாள் பல்பு மாற்றுகிற ஆளாகக் காட்சிக்குள் நுழைந்தார். "வாங்க, சாப்பிட்டுட்டுப் போங்க" என்றாள் அவள். அவர் அதற்குப் பிறகு வெளியே வரவில்லை. உள்ளே போக முடியாதவள் மகள் ஒருத்திதான். ஆக்‌ஷன் சொன்னவள் கேமராவுக்குப் பின்னால் இருந்தே ஆக வேண்டும். தூக்கத்தில் உளறி அந்த வார்த்தை வந்துவிடுமோ என்று வாயில் துணி கட்டிக்கொண்டு படுத்தாள். அம்மா இருந்தாள், பத்தடி தூரத்தில் இருந்தாள், ஆனால் ஒரு வார்த்தை பேச முடியவில்லை. அது சாவைவிடக் கொஞ்சம்தான் நல்லது என்று சில நாட்களில் மகளுக்குத் தோன்றும். அப்படித் தோன்றிய நாட்களில் எல்லாம் அம்மா மருமகளிடம், "எங்கேயோ இருக்கா என் பொண்ணு. சாப்பிட்டாளோ என்னவோ" என்பாள். மகள் உடனே எழுந்து போய்ச் சாப்பிட்டுவிட்டு வருவாள்.

வருஷங்கள் போயின. ஒரு காலையில் செத்தக்கா, "கடைக்குப் போய்ட்டு வரேன்" என்று கதவைத் திறந்தாள். அந்தக் கதவு வெறும் அட்டை. அதன் பின்னால் தளத்தின் சுவரும், சுவரில் இருந்த வாசலைத் தாண்டினால் தெருவும் இருந்தன. கேமராக்காரர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துவிட்டு, கேமராவைத் தோளில் தூக்கிக்கொண்டு பின்னால் ஓடினார்கள். மகள் உதட்டைக் கடித்துக்கொண்டு கூடவே நடந்தாள். தெரு அமைதியாக வழி விட்டது. அவள் ஒரு செருப்புக் கடைக்குள் போய், "வீட்ல ஒருத்தி நின்னுக்கிட்டே இருக்கா, மெத்துன்னு ஒரு ஜோடி குடுப்பா" என்று கேட்டு, அளவும் சொல்லி வாங்கினாள். வெளியே வந்ததும் அதை நடைபாதையில் வைத்துவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் முன்னால் நடந்தாள். கேமராக்கள் அதைத் தாண்டிய பிறகு மகள் குனிந்து செருப்பை மாட்டிக்கொண்டாள். காலுக்குச் சரியாக இருந்தது. அவள் சத்தம் வராமல் அழுதுகொண்டே வேகமாக நடந்து கேமராக்களைப் பிடித்துவிட்டாள்.

இப்போதெல்லாம் செத்தக்கா நினைத்த நேரத்தில் வெளியே வருகிறாள். பஸ்ஸில் போகிறாள், வங்கி வரிசையில் நிற்கிறாள், பல் வலிக்கு டாக்டரிடம் காட்டுகிறாள். முன்னால் அவளும், நடுவில் மூன்று கேமராக்களும், பின்னால் வாயை இறுக மூடிக்கொண்டு நரைத்த தலையோடு மகளும். ஊரில் யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. போன வாரம் வெளியூர்க்காரர் ஒருவர் பஸ்ஸில் லென்ஸையே உற்றுப் பார்த்துக்கொண்டு வந்தார். பக்கத்து இருக்கைப் பெண் அவர் முழங்கையைத் தொட்டு, "கேமராவப் பாக்காதீங்கண்ணே, ஷாட் கெட்டா அந்தம்மாவுக்கு ஆகாது" என்றாள். அவர் சரி என்று ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார், தன் நிறுத்தம் வந்ததும் இறங்கிப் போனார்.