நாற்பத்தேழாம் நம்பர் வெல்டர்

காலை ஐந்து ஐம்பதுக்குக் கம்பெனி பஸ் வியாசர்பாடிக்கு வந்தது. ஜெயவேல் ஏறி, தவ்ஃபீக் துண்டு போட்டுப் பிடித்து வைத்திருந்த ஜன்னல் சீட்டில் உட்கார்ந்தான்.

இருவரும் காட்டுப்பள்ளி யார்டில் கப்பலுக்கு வெல்டிங் செய்கிறவர்கள். சரியாகச் சொன்னால், தவ்ஃபீக் செய்கிறான். ஜெயவேல் பதினொரு மாதமாகத் தண்ணீர் வாளியோடு பக்கத்தில் நிற்கிறான். பொறி எங்காவது பற்றினால் அணைக்க வேண்டும்.

அது கூட வேலை செய்கிற கேங்கின் முடிவு. ஜெயவேலுக்குக் கல்யாணமாகி ஆறு வருடம். குழந்தை இல்லை. கப்பலின் டேங்குக்குள் உட்கார்ந்து வேலை செய்கிற சூடுதான் காரணம் என்று கேங்கு கண்டுபிடித்தது. எட்டுப் பேர் அவன் பங்கைப் பிரித்துக்கொண்டார்கள். பெரும்பங்கு தவ்ஃபீக் தலையில் விழுந்தது.

"ரிப்போர்ட்டு வந்துச்சா மாமு?"

"நேத்து வந்துச்சி."

"இன்னாவாம்?"

ஜெயவேல் குரலைத் தாழ்த்திச் சொன்னான். டாக்டரம்மா தாளில் ஒரு கோடு போட்டுக் காட்டியிருந்தார். ஒய் குரோமோசோம். அப்பாவிடமிருந்து மகனுக்கு மட்டும் போவது. ஜெயவேலுடையதில் ஒரு சின்னத் துண்டு இல்லை. விந்தணு உண்டாவதற்கு வேண்டிய துண்டு. அப்பாவிடம் இருந்தது, இவன் கருவானபோதே விடுபட்டுப்போனது.

"கொடைஞ்சி எடுத்துட்டு மறுபடி போட முடியாதான்னு கேட்டேன்."

எக்ஸ்ரே சோதனையில் தோற்ற வெல்டிங் ஜாயின்ட்டை யார்டில் அப்படித்தான் செய்வார்கள்.

"அதுக்கு இன்னா சொன்னாங்க?"

"ஒடம்புல எல்லா எடத்துலயும் அப்டித்தான் கீதாம். எங்கன்னு கொடைவீங்கன்னாங்க."

தவ்ஃபீக் யோசித்தான்.

"அப்போ சூடு இல்லியா?"

"இல்ல."

"டேய். சித்திர வைகாசி முச்சூடும் டேங்குல உன் பங்கையும் சேர்த்து வெந்தேனே. என் பொண்டாட்டி என்னைக் கருவாடுன்றா."

"நாளைலேர்ந்து நானே எறங்கறேன்."

"நாளைக்கி இன்னா நாளைக்கி? இன்னிக்கே எறங்கு. வாளிய இங்க குடு."

முன் சீட்டுக்காரர் திரும்பிப் பார்த்தார். இருவரும் சிரித்தார்கள். எர்ணாவூரில் கன்டெய்னர் லாரிகள் வரிசை கட்டி நின்றன. பஸ் நின்றது.

"செரி, புள்ளைக்கி இன்னா வழி?"

"வழி கீது. உயிரோட கீற அணு ஒண்ண எடுத்து, ஊசியால முட்டைக்குள்ள வெச்சிடுவாங்களாம். நிக்கும்னு கேரன்டி இல்ல. ஆனா வழி கீது."

"அப்புறம் இன்னாத்துக்கு மூஞ்சியத் தொங்கப் போட்டுகினு கீறே?"

"பொண்ணு பொறந்தா பிரச்சன இல்ல. பையன் பொறந்தா என்னுதுதான் அவனுக்குப் போவும். அந்தத் துண்டு அவனுக்கும் இருக்காது. முப்பது வயசுல அவனும் இப்டி ஒரு பஸ்ஸுல குந்திகினு இருப்பான்."

"பக்கத்துல என் பையன் குந்தியிருப்பான். சீட்டு புடிச்சி வெச்சி."

ஜெயவேல் சாப்பாட்டுப் பையிலிருந்து சிகிச்சைக்கான சம்மதப் படிவத்தை எடுத்தான். மனைவி ரமாபாய் நேற்றே கையெழுத்துப் போட்டுவிட்டாள். அவன் இடம் காலியாக இருந்தது. இன்று மாலைக்குள் கொடுக்க வேண்டும். ஆண் குழந்தை பிறந்தால் அதற்கும் இந்தக் குறை வரும் என்பது எங்களுக்குத் தெரியும் என்று ஒரு வரி இருந்தது. தமிழில்தான் இருந்தது. நான்கு முறை படித்தான்.

"பேனா கீதா?"

தவ்ஃபீக்கிடம் இரும்பில் எழுதுகிற மார்க்கர் இருந்தது. லாரிகள் நகர்ந்தன. பஸ்ஸும் நகர்ந்தது. ஜெயவேல் மூடியைக் கழற்றி, மடியில் வைத்து எழுதினான். எழுதிய பிறகுதான் பார்த்தான்.

47.

யார்டில் அது அவன் நம்பர். ஒவ்வொரு ஜாயின்ட் முடிந்ததும் வெல்டர் பக்கத்தில் தன் நம்பரை எழுதுவான். பதினான்கு வருடப் பழக்கம். மார்க்கரைப் பிடித்தால் கை வேறு எதையும் எழுதாது.

"கலீஜ் பண்ணிட்டியே மாமு," என்றான் தவ்ஃபீக். எண்ணூர் வரைக்கும் சிரித்தான்.

அன்று ஜெயவேல் டேங்குக்குள் இறங்கினான். தவ்ஃபீக் வெளியே வாளியோடு நின்றுகொண்டு பாட்டுப் பாடினான். மோசமாகப் பாடினான்.

மாலையில் திருவொற்றியூர் கிளினிக்குக்கு ரமாபாய் தையல் கம்பெனியிலிருந்து நேராக வந்திருந்தாள். தலைமுடியில் ஒரு நூல் ஒட்டியிருந்தது. படிவத்தை வாங்கிப் பார்த்தாள்.

"இன்னா இது? நான் இன்னா கப்பலா?"

"கை தானா எழுதிட்ச்சி."

கவுன்டரில் இருந்த நர்ஸ், கீழே பெயரையும் எழுதினால் போதும் என்றாள். ஜெயவேல் எழுதினான். ரமாபாய் படிவத்தை உடனே கொடுத்துவிடவில்லை. நம்பரைக் கட்டைவிரலால் தேய்த்துப் பார்த்தாள். அழியவில்லை.

"எதுக்கு இந்த நம்பர் போடுவீங்க?"

"இருவது வருசம் கழிச்சி ஒழுகிச்சின்னா, யாரு வேலைன்னு தெரியணுமே. அதுக்கு."

அவள் சிரித்தாள். படிவத்தை நர்ஸிடம் நீட்டினாள். பாதியில் கையை நிறுத்திக்கொண்டு அவன் பக்கம் திரும்பினாள்.

"பையனே பொறந்து, நம்ம மாதிரி அலைஞ்சிட்டு வந்து, இந்த நாப்பத்தேழு யாருன்னு கேட்டான்னு வெய்யி. எந்திரிச்சி நிப்பியா?"