எழுத்தழித்த பேணி

தட்டு முன்னால் வந்து நின்றபோது தர்மசீலன் யாரோ ஒருவருடைய கையைப் பிடித்துக்கொண்டிருந்தான். செத்தவீட்டுக்கு வருகிறவர்கள் கையைப் பிடித்தால் இலேசில் விடுவதில்லை.

"எடுங்கோ மருமகன், விடியத் தொடக்கம் ஒண்டும் வாயில வைக்கேல்ல."

மாமியார் சிவகாமிப்பிள்ளை அவனுடைய மற்றக் கையில் ஒரு பிஸ்கற்றைத் திணித்துவிட்டு அடுத்த கதிரைக்குப் போனாள். கை விடுபட்ட பிறகுதான் அவன் அதைப் பார்த்தான். மண்ணிறம். சோடா மூடியால் வெட்டிய சின்ன வட்டம். நடுவில் முள்ளுக்கரண்டியால் குத்திய துளைகள். மூக்குக்குக் கிட்டக் கொண்டுபோகத் தேவையே இருக்கவில்லை. குரக்கன் மாவின் வாசத்துக்கு அடியில் சூடைக் கருவாடு மெல்ல மணத்தது.

அது அம்மா நாய்களுக்குச் செய்கிற பிஸ்கற்.

அம்மா கனகம்மா உள்ளே நடுக்கூடத்தில் கால் பெருவிரல்கள் கட்டப்பட்டுக் கிடந்தாள். நேற்று இரவு பிஸ்கற் சுட்டு முடித்துப் படுத்தவள் நித்திரையிலேயே போய்விட்டாள். செத்தவீட்டில் அடுப்பு மூட்டக்கூடாது. அயல்வீட்டு ரிஸ்னா பெரிய சுடுதண்ணிப் போத்தல்களில் பிளேன்ரீ ஊற்றிக் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனாள். வெறும் தேத்தண்ணி கொடுத்தால் சம்பந்தி வீட்டை ஊர் என்ன சொல்லும் என்று கிளிவெட்டியிலிருந்து முதல் பஸ்ஸில் வந்திறங்கிய சிவகாமிப்பிள்ளைக்குக் கவலை. குசினி அலுமாரியைத் திறந்தாள். மேல்தட்டில் பெரிய தகரப் பிஸ்கற் பேணி. திறந்தால் வாய்வரைக்கும் நிறைந்திருந்தது. கும்பிடப்போன தெய்வம் குறுக்கே வந்த மாதிரித்தான் அவளுக்கு இருந்திருக்கும்.

பேணியில் ஒன்றும் எழுதியிருக்கவில்லை. அதுதான் விஷயம். முன்பு எழுதியிருந்தது.

உட்துறைமுக வீதியில் அம்மாவைத் தெரியாத நாய் கிடையாது. அப்பா துறைமுகத்தில் வேலைபார்த்த காலத்தில் மீன் வாடிப் பக்கம் சாப்பாடு கொண்டுபோய்ப் பழகியவள், அவர் போன பிறகும் போவதை விடவில்லை. நாய்களுக்குச் சோறு வைத்தாள். சோறு வைத்த இடத்தில் காகமும் சண்டையும் கூடுதென்று வாடிக்காரர் முறைப்பட, பிஸ்கற் செய்யத் தொடங்கினாள். பூசணிக்காயை அவித்து மசித்து, குரக்கன் மாவோடு கருவாட்டுத் தூளைச் சேர்த்துப் பிசைந்து, மகன் வாங்கிக்கொடுத்த மின்சார அவணில் வியாழன்தோறும் சுட்டெடுப்பாள். உப்புப் போடமாட்டாள், நாய்க்கு ஆகாதாம். வெள்ளிக்கிழமை காலையில் பை நிறையக் கொண்டுபோவாள். இந்த ஊரில் தெருவில் திரிகிற மானுக்கு வாழைப்பழத் தோல் போட்டால் அது புண்ணியம். நாய்க்குப் பிஸ்கற் போட்டால் விசர்.

தர்மசீலன் கணக்கு வாத்தியார். கரும்பலகைப் பக்கம் திரும்பினால் கடைசி வாங்கிலிருந்து ஒரு "வள்" கேட்கும். திரும்பிப் பார்த்தால் எல்லாப் பிள்ளைகளும் கொப்பிக்குள் முகத்தை வைத்திருக்கும். அவன் உப அதிபரான பிறகும் அது நிற்கவில்லை.

போன வருஷம் கோணேஸ்வரர் தேரன்று பள்ளிக்கூடத்து ஆசிரியர்கள் அம்மா வீட்டுக்கு வருவதாகச் சொன்னார்கள். முதல்நாள் பின்னேரம் அவன் குசினிக்குள் போய்ப் பார்த்தான். பேணியில் வள்ளத்துக்கு அடிக்கிற சிவப்புப் பெயின்ற்றால் 'நாய்க்கு' என்று தடித்த எழுத்தில் எழுதியிருந்தது. அவன் தின்னரும் பழந்துணியும் எடுத்துக்கொண்டு குந்தியிருந்து உரஞ்சினான்.

"ஏன் ராசா அதை அழிக்கிறாய்? ஆரும் பிழையா எடுத்துத் திண்டுபோட்டா?"

"ஆர் வந்து உங்கட குசினியில தேடித் தின்னப்போகினம்?"

அம்மா பேணியை வாங்கி மேல்தட்டில் வைத்தாள். பிறகு அதில் எழுதவே இல்லை.

இப்போது பந்தலுக்குக் கீழே சனம் தேடாமலே தின்றுகொண்டிருந்தது. தர்மசீலன் தன்னுடைய பிஸ்கற்றை யாரும் காணாமல் வேட்டி மடிக்குள் செருகினான். எழும்பிப்போய் மாமியின் காதுக்குள் சொன்னால் போதும். ஆனால் மாமிக்கு இரகசியம் சொல்வதும் கோயில் ஒலிபெருக்கியில் சொல்வதும் ஒன்று. 'தாயின்ட செத்தவீட்டில சனத்துக்கு நாய்ச் சாப்பாடு குடுத்தவன்' என்ற பெயர் வந்தால் அவன் சாகும்வரை போகாது. மனைவி வசந்தினி வாசலுக்கு வந்தாள். தட்டைக் கண்டாள். அவளுடைய கை வாய்க்குப் போனது. அவன் தலையை மெல்ல இடமும் வலமும் ஆட்டினான். அவள் அவனைக் கொஞ்சநேரம் பார்த்துவிட்டு உள்ளே போய், அம்மாவின் காலடியில் இருந்து முன்னிலும் பெரிதாக அழத் தொடங்கினாள்.

சொல்லாமல் விடலாம், யாரும் செத்துப்போகமாட்டார்கள் என்று அவன் தன்னைத் தேற்றிக்கொண்டபோது, கோணாமலை சேர் இரண்டாவது பிஸ்கற்றை எடுத்தார்.

கோணாமலை சேர் பழைய அதிபர். அவனை உப அதிபராக்கச் சொல்லி முதலில் வாய்திறந்தவர் அவர்தான். பிறந்ததிலிருந்து சைவம். முட்டை போட்ட கேக்கைக்கூடத் தொடமாட்டார். மீன் மச்சம் சமைத்த சட்டியைக் கழுவிய தண்ணீர் காலில் பட்டாலும் போய் முழுகிவிட்டு வருவார். அவர் கருவாட்டுப் பிஸ்கற்றைத் தேத்தண்ணியில் தோய்த்து, கண்ணை மூடிச் சுவைத்தார்.

"தம்பி, இது கடையில வாங்கினதில்லை, என்ன?"

"இல்ல சேர். அம்மா செய்தது."

"அதுதானே பாத்தன். சீனி, உப்பு ஒண்டும் தூக்கலா இல்ல. எங்களைப் போல சீனி வருத்தக்காரருக்கெண்டு செய்த மாதிரி இருக்கு. என்ன மா?"

"குரக்கன்."

"வேற?"

"பூசணிக்காய் போடுறவ."

"வேற ஒண்டு வாசமா இருக்கே?"

தர்மசீலன் அவருடைய கோப்பைக்குள் பார்த்தான். "தெரியேல்ல சேர்," என்றான்.

"விக்கிறதுக்குச் செய்தவவோ?"

"இல்ல சேர். சும்மா, சனத்துக்குக் குடுக்கத்தான் செய்யிறவ."

ஐந்தாறு முழத்துக்கு அப்பால் அம்மா கிடக்கிறாள். அவளுடைய நாய்களை அவன் மனிதராக்கிவிட்டான். கோணாமலை சேர் பக்கத்துக் கதிரைக்காரரிடம், "புண்ணியவதி, சாகமுதலும் ஊருக்குப் பசியாத்திப்போட்டுப் போயிருக்கிறா," என்று சொல்லிக்கொண்டிருந்தார். சிவகாமிப்பிள்ளைக்குக் கேட்கவா வேண்டும், அவருடைய கோப்பைத் தட்டில் இன்னும் ஒரு பிடி வைத்துவிட்டுப் போனாள்.

அந்த நேரம்தான் ஸெய்னுதீன் முதலாளி வந்தார். மீன் வாடியிலிருந்து வீட்டுக்குப் போய்க் குளித்து வெள்ளைத் தொப்பி போட்டு வந்திருந்தார். என்றாலும் ஐஸ் மணம் முழுதாகப் போகவில்லை. அம்மாவுக்கு வியாழக்கிழமைகளில் கருவாட்டுத் தலையும் முள்ளும் பையில் கட்டி அனுப்புகிறவர் அவர்தான். அந்தச் சிவப்புப் பெயின்ற் கொடுத்தவரும் அவர்தான். தர்மசீலனின் கையைப் பிடித்தார். "கனகம்மாக்கா போயிட்டாவே தம்பி," என்றார். கோணாமலை சேருக்குப் பக்கத்தில் ஒரு கதிரை வெறுமையாக இருந்தது.

"எடுங்கோ முதலாளி," என்று சேர் தன்னுடைய தட்டை நீட்டினார். "இவற்ற அம்மா தன்ட கையால செய்தது. சனத்துக்குக் குடுக்கிறதுக்கெண்டே செய்யிறவவாம்."

ஸெய்னுதீன் பிஸ்கற்றைப் பார்த்தார். எடுத்துத் திருப்பிப் பார்த்தார். பிறகு தலையை நிமிர்த்தித் தர்மசீலனைப் பார்த்தார். அந்தப் பார்வையில் கோபம் இருந்திருந்தால் அவன் தாங்கியிருப்பான். இருந்தது இரக்கம்.

"ஓம் சேர்," என்றார் ஸெய்னுதீன். "அவவின்ட கைப்பக்குவம் எனக்குத் தெரியும்."

வாயில் போட்டு மென்றார். கோணாமலை சேர் தனக்கொன்று எடுக்கக் கையைக் கொண்டுபோனார். அதற்குள் ஸெய்னுதீன் கோப்பைத் தட்டோடு தன்பக்கம் இழுத்துக்கொண்டார்.

"குறை நினைக்காதீங்க சேர். எனக்குச் சரியான பசி. இதை நான் எடுக்கிறன்."

தட்டிலிருந்ததை ஒன்றன்பின் ஒன்றாக விழுங்கினார். தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. சிவகாமிப்பிள்ளை பெரிய தட்டோடு அந்தப் பக்கம் வர, அதையும் வாங்கி மடியில் வைத்துக்கொண்டார். இனி ஒருவருக்கும் போகக்கூடாது என்பதுபோல இரண்டு கையாலும் தின்றார். கொழுத்த பாரை மீனை ஏலத்தில் தள்ளிவிட்டுப் போகிற மனிதன் குரக்கன் பிஸ்கற்றுக்கு அள்ளுப்படுவதைச் சனம் பார்த்தது.

"காணாததைக் கண்ட மாதிரியெல்லோ கிடக்கு," என்றாள் சிவகாமிப்பிள்ளை, எல்லோருக்கும் கேட்க.

பின்வரிசையில் இருந்த இளம் ஆசிரியர்களில் ஒருவன், "முதலாளி செத்தவீட்டுக்கு வந்தவரோ, கந்தூரிச் சாப்பாட்டுக்கு வந்தவரோ?" என்றான். இரண்டுபேர் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள்.

ஸெய்னுதீனுக்கும் கேட்டது. காதுமடல் சிவந்தது. ஆனால் மெல்லுவதை நிறுத்தவில்லை. ஒரு வசனம் போதும், அந்தச் சிரிப்பு அடங்கும். தர்மசீலன் தன் கால் விரல்களைப் பார்த்துக்கொண்டு இருந்தான். அங்கே இருக்கிறதிலேயே கேவலமான இடம் தன்னுடைய கதிரைதான் என்று அவனுக்குத் தெரிந்தது. தெரிந்தும் எழும்பவில்லை.

பிறகு எல்லாம் கெதியாக நடந்தது. ஐயர் வந்தார். கொள்ளி வைக்கிற மகன் முழுகவேணும் என்று அவனைக் கிணற்றடிக்குக் கூட்டிக்கொண்டுபோய், உடுத்த வேட்டியோடேயே வாளிவாளியாகத் தண்ணீர் ஊற்றினார்கள். மடிக்குள் ஏதோ கரைந்து வயிற்றில் ஒட்டுவதை உணர்ந்தபோதுதான் பிஸ்கற்றின் ஞாபகம் வந்தது. எடுத்து எறியத் தோதில்லை. சுற்றிவரச் சனம். ஈரத்தோடு வந்து கிரியைக்கு இருந்தான். நெருப்புக்கும் சாம்பிராணிக்கும் நடுவில் தன்னிலிருந்து கருவாடு மணப்பது அவனுக்குத் தெரிந்தது.

பறை முழங்க அம்மாவைத் தூக்கினார்கள். அவன் கொள்ளிச்சட்டியைக் கையில் எடுத்துக்கொண்டு முன்னே நடந்தான். பெண்கள் வாசல் படலையோடு நின்றுவிட்டார்கள்.

மதகடியில் நாய்கள் கிடந்தன. வெள்ளிக்கிழமை. காலையிலிருந்து வந்து வந்து பார்த்து, சிவகாமிப்பிள்ளையின் தும்புத்தடிக்குப் பயந்து மதகடியில் ஒதுங்கியிருந்தவை. பறைச் சத்தத்துக்கு மற்றவை ஓடின. ஒன்று மட்டும் எழும்பி வந்தது. ஒரு காது கிழிந்த கிழட்டு மண்ணிற நாய். அம்மா அதைக் 'கப்டன்' என்று கூப்பிடுவாள். அது நேரே தர்மசீலனிடம் வந்து, ஈர வேட்டியை முகர்ந்து, அவனோடு ஒட்டி நடந்தது. விலத்திப் பார்த்தான். விடவில்லை. மூக்கை மடியில் வைத்து உந்தியது.

சந்தியில் தோள் மாற்றுவதற்காகப் பாடையை இறக்கினார்கள். பறையும் நின்றது. கப்டன் அவன் முன்னால் குந்தியிருந்து முகத்தை அண்ணாந்து பார்த்தது.

"பாத்தியளோ," என்றார் கோணாமலை சேர். "வாயில்லாச் சீவன். வீட்டுக்காரியை வழியனுப்ப மகனோட வருது. என்ன பாசம்!"

நின்றவர்கள் கண்ணைத் துடைத்தார்கள். சற்றுமுன் சிரித்த அந்த இளம் ஆசிரியன் கைபேசியை எடுத்து நாயையும் அவனையும் சேர்த்துப் படம்பிடிக்கத் தொடங்கினான். பின்னேரத்துக்குள் ஊர் முழுக்கப் பார்க்கும். அழும். தாயைப் போலப் பிள்ளை என்று சொல்லும்.

தர்மசீலன் ஸெய்னுதீனைத் தேடினான். அவர் வேலியோரமாக, நெஞ்சைத் தடவிக்கொண்டு நின்றார். அவன் முகத்தில் எதைக் கண்டாரோ, தலையை மெல்ல இடமும் வலமும் ஆட்டினார். வேண்டாம் தம்பி.

காலையில் வசந்தினிக்குத் தான் ஆட்டியதும் இதே தலையாட்டல்தான்.

அவன் கொள்ளிச்சட்டியை இடக்கைக்கு மாற்றிக்கொண்டு குந்தினான். யாரோ, "தம்பி, கவனம், நெருப்பு," என்றார்கள். வலக்கையால் மடியை அவிழ்த்தான். பிஸ்கற் பிஸ்கற்றாக இல்லை. மண்ணிறக் களியாக இருந்தது. ஓரத்தில் மட்டும் முள்ளுக்கரண்டித் துளை ஒன்று அழியாமல் கிடந்தது. வழித்தெடுத்து உள்ளங்கையில் வைத்து நீட்டினான்.

"இந்தா கப்டன்," என்றான். பிறகு எல்லோருக்கும் கேட்கும்படி உரத்துச் சொன்னான். "அம்மா உனக்குத்தான் செய்தவ."

நாய் அவசரப்படாமல் தின்றது. தின்று முடித்துவிட்டு விரலிடுக்குகளையும் நக்கியது. படம்பிடித்தவனின் கை தானாகக் கீழே இறங்கியது.

கோணாமலை சேர் நாயின் வாயைப் பார்த்தார். தர்மசீலனின் கையில் ஒட்டியிருந்ததைப் பார்த்தார். பிறகு வேலியோரம் நின்ற ஸெய்னுதீனை நெடுநேரம் பார்த்தார். சேர் சால்வைத் தலைப்பை எடுத்து வாயைத் துடைத்தார். துடைத்த இடத்தைத் திரும்பவும் துடைத்தார்.