சாம்சன் பார்த்த பனி

ஜப்பானில் பயிற்சி முடித்து வந்த நாளிலிருந்து சாம்சன் கும்மிடிப்பூண்டி வெயிலை ஒரு வெயிலாகவே மதிப்பதில்லை. போனது ஆகஸ்டில், பத்தே நாள். அதற்குள் பனி, பூ, மழை, சிவந்த இலை என்று நாலு பருவத்தையும் பார்த்து முடித்துவிட்டாராம். மாமியார் வீட்டில் எடுத்துக் கொடுத்த கம்பளி ஸ்வெட்டர், குரங்குக் குல்லா சகிதம் அவர் அங்கே நிற்கும் போட்டோ, வேலை செய்யும் கம்பெனியில் எல்லார் போனுக்கும் போய்ச் சேர்ந்திருந்தது.

"இன்னா குளிருன்ற! மூச்சு வுட்டா பொகையா வருது. நம்மூர்ல இருக்கறதெல்லாம் ஒரு சீசனா?" கேன்டீனில் தினமும் இதே பிரசங்கம்தான்.

கம்பெனி ஆயுத பூஜைக்குக் குடும்பத்தோடு வரச் சொல்லியிருந்தார்கள். மனைவி ஹெலன் பக்கத்தில் நிற்க, பொரியை மென்றபடி சாம்சன் பனிக் கதையில் இறங்கினார். அந்த நேரம் பார்த்து, அங்கே அவருக்குப் பயிற்சி கொடுத்த ஜப்பான்காரர் உள்ளே வந்தார். சாம்சனைக் கண்டதும் விறுவிறுவென்று வந்து, குனிந்து வணங்கி, ஒரு விசிறியைக் கையில் கொடுத்து ஏதோ சொன்னார்.

கூட வந்த மொழிபெயர்ப்பாளர் எல்லாருக்கும் கேட்கிற மாதிரி சொன்னார்: "உடம்பு இப்ப எப்படி இருக்குதுன்னு கேக்கறாரு. ஆகஸ்டுல அங்க அடிக்கிற அவ்ளோ வெயில்ல ஸ்வெட்டர் போட்டுக்கினு போட்டோ எடுக்கப் போயி மயங்கி வுழுந்தீங்களாமே?"

சாம்சனுக்கு வேர்த்துக் கொட்டியது. ஹெலன் விசிறியை வாங்கி, அவர் முகத்துக்கு நேராக நிதானமாக வீசினாள்.

"தொடச்சிக்கினு மேல சொல்லுய்யா. மூஞ்சியெல்லாம் பனி பேஞ்சிருக்குது."