மேட்டைத் தாண்டும் ஓட்டம்

முப்பத்தோராம் நாள் பூசை முடிந்த மறுநாள் பஸ்தியான் வந்து, இறந்துபோன தன் தம்பியின் போட்டை விற்றுவிடலாம் என்றார். றோசா மாட்டேன் என்றாள். அவள் கணவன் நிரோசன் காய்ச்சலில் படுத்து மூன்றே நாளில் போய்விட்டான். பிள்ளைகளும் இல்லை. அவன் புழங்கியதென்று அவளிடம் மிஞ்சியது அந்தப் போட்தான். பதினொரு வருடம் அவனோடு களப்புக்குப் போய் வலை இழுத்தவள் அவள்.

பஸ்தியான் கெட்ட மனிதர் அல்ல. அவருடைய பயமெல்லாம் மணல்மேட்டைப் பற்றியது. எத்தாளைக் கரைக்குச் சற்று முன்னால், தண்ணீருக்கடியில் அது நீளக் கிடக்கிறது. அதன்மேல் முழங்காலளவு தண்ணீர்தான். எஞ்சினின் விசிறி மணலில் கொத்தும் என்பதால், வேகமாக வந்து எஞ்சினை நிறுத்தி மேலே தூக்கிவிட்டு, வந்த ஓட்டத்திலேயே போட்டைத் தாண்ட விடுவார்கள். ஓட்டம் நடுவில் செத்தால் சோழகக் காற்று போட்டை வடக்கே தள்ளிக்கொண்டுபோய் அங்குள்ள கல்லில் மோதவிடும்.

"தனிய மேட்டைத் தாண்டிக் காட்டு. போட் உன்னோடயே இருக்கட்டும்," என்றார் பஸ்தியான். "ஏலாட்டி வித்திருவம்."

சனிக்கிழமை பின்னேரம் அவர் கரையில் காத்து நின்றார். றோசா நிரோசனின் இடத்தில், பின்னால் உட்கார்ந்து வந்தாள். அவள் வழக்கமாக இருக்கும் முன்பலகை வெறுமையாக எதிரே தெரிந்தது. மேடு நெருங்கியதும் எஞ்சினை நிறுத்தித் தூக்கினாள். தண்ணீரின் சலசலப்பு மட்டும் கேட்டது. போட் நன்றாகவே ஓடியது.

மேட்டின் நடுவில், எல்லோரும் அண்ணன் முறையில் நானா என்று கூப்பிடும் நஸீர் நின்றார். கம்பியோடு அலைந்து நண்டு பிடிக்கிற மனிதர். தோளில் நிறைந்த உரப்பை. மேட்டில் நிற்கிறவர் கை காட்டினால் ஏற்றாமல் போவது அந்தக் கரையில் வழக்கமில்லை.

"என்னயும் ஏத்திக்கிட்டுப் போங்களே தங்கச்சி."

"ஏறுங்க நானா," என்றாள், யோசிக்காமல்.

போட் பக்கத்தில் வந்ததும் அவர் நின்ற இடத்திலிருந்தே பையை உள்ளே போட்டார். விளிம்பைப் பிடித்துத் தானும் ஏறி விழுந்தார். யாரோ பின்னாலிருந்து பிடித்து இழுத்ததுபோல் போட் தளர்ந்தது. இதுவரை அவளுக்கும் போட்டுக்கும் மட்டுமாக இருந்த ஓட்டத்தில் இப்போது நஸீருக்கும் ஒரு பை நண்டுக்கும் பங்கு கொடுக்க வேண்டியிருந்தது. அவர்களோ நின்ற நிலையில் வந்தவர்கள். ஓட்டம் எதுவும் கொண்டுவரவில்லை.

நிரோசன் யாரையும் நின்றபடி ஏற்றியதில்லை. தூரத்திலேயே சத்தம் போட்டு, போட்டோடு ஓடி வரச் சொல்வான். வயது போனவர்களும் சாரத்தைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, அவனைத் திட்டிக்கொண்டே தண்ணீரில் ஓடி வந்து ஏறுவார்கள். அவன் சனத்தைப் பகிடி பண்ணுகிறான் என்று நினைத்து அவள் முன்பலகையில் இருந்து சிரித்திருக்கிறாள். போட்டின் வேகத்துக்கு ஓடி வருகிறவன் தன் பங்கு ஓட்டத்தைத் தானே கொண்டுவருகிறான், போட்டிடம் கேட்பதில்லை என்பது பதினொரு வருடத்தில் அவளுக்குத் தோன்றவில்லை. அவனும் சொன்னதில்லை. அவளும் கேட்டதில்லை.

போட் இன்னும் கொஞ்சம் ஊர்ந்து, நின்றேவிட்டது. முன்பக்கம் வடக்கே திரும்பத் தொடங்கியது. கரையில் பஸ்தியான் சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு தண்ணீரில் இறங்கினார்.

நஸீருக்கு விஷயம் விளங்கிவிட்டது. தான் இறங்கிவிடுவதாகச் சொல்லி எழுந்தார்.

"இனி இறங்கினாலும் போன ஓட்டம் திரும்பி வராது நானா. இருங்க."

றோசா பின்பக்கமாகக் குதித்தாள். தோளைக் கொடுத்துத் தள்ளினாள். முதலில் போட் அசையவே இல்லை. காற்று ஒரு பக்கம் தள்ள, அவள் மணலில் கால் புதையப் புதைய மறுபக்கம் அழுத்தினாள். பிறகு ஒரு சாண் நகர்ந்தது. பிறகு அவள் நடக்கிற அளவுக்கு வந்தது. "வராதீங்க அண்ணே," என்று கத்தினாள். பஸ்தியான் இடுப்பளவு தண்ணீரில் நின்றுவிட்டார். மேட்டின் விளிம்பில் அவள் ஏறக்குறைய ஓடிக்கொண்டிருந்தாள். கால் ஆழத்தில் இறங்கியபோது எம்பி உள்ளே விழுந்தாள். போட் தளராமல் கரைவரை போனது.

"தள்ளிக்கொண்டு வாறது தாண்டுறதோ?" என்று கேட்டபடி பஸ்தியான் கயிற்றை வாங்கினார்.

"நீங்க கேட்டது வெறும் போட்," என்றார் நஸீர். "தங்கச்சி ஆளோட, நண்டோட கொண்டந்து தந்திருக்கு. இன்னும் என்ன வேணும் ஒங்களுக்கு?"

பஸ்தியானுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. போட் அவளிடமே இருக்கட்டும் என்றார். திங்கட்கிழமை வலைக்குத் துணையாகத் தன் மகளை அனுப்பவா என்றும் கேட்டார். றோசா வேண்டாம் என்று தலையசைத்தாள்.

நஸீர் கால் கட்டிய நண்டு நாலு கொடுத்துவிட்டுப் போனார். எல்லோரும் போன பிறகு அவள் ஈரச் சேலையோடு போட்டுக்குள் இருந்தாள். எந்த இடத்தில் ஓட்டம் செத்தது, ஏன் செத்தது என்று நிரோசனிடம் சொல்ல வேண்டும்போல் இருந்தது. மேட்டில் அலை வெள்ளையாக உடைந்தது. வெளிச்சம் குறைந்ததும் எழுந்து வீட்டுக்குப் போய் நண்டுகளைக் கழுவினாள். பிறகு தன் ஒருத்திக்கு இரண்டை மட்டும் சட்டியில் போட்டு, மற்ற இரண்டையும் பக்கத்து வீட்டுக்குக் கொண்டுபோய்க் கொடுத்தாள்.