துண்டுக்கு அடியில் ஓடிய அப்டேட்

அந்தத் தெருவில் காலை வேளையில் இன்டர்நெட் நின்றுபோவதற்கு ஓர் அணில்தான் காரணம் என்று முதலில் சொன்னவர் கண்ணாடிக்காரர். சும்மா சொல்லிவிட்டுப் போகவில்லை. ஒயரைக் கடித்துக் கடித்தே அந்த அணில் பூனை அளவுக்குப் பெருத்துவிட்டது, மதில்மேல் அது நடந்தால் மதில் அதிர்கிறது, அதைப் பார்த்த நாளிலிருந்து பக்கத்து வீட்டு நாய் வெளியே தலைகாட்டுவதில்லை என்று விவரமாகச் சொன்னார். பக்கத்து வீட்டில் நாயே கிடையாது. இருந்தாலும் தெரு நம்பியது. ஊரார் கண்ணைச் சோதித்துக் கண்ணாடி போட்டுக் கொடுக்கிற மனுஷன் ‘என் கண்ணால பார்த்தேன்’ என்று சொன்னால் நம்பாமல் என்ன செய்வது? மற்ற வீடுகளிலும் நெட் நிற்கிறதா என்று யாரும் யாரையும் கேட்கவில்லை. அதுதான் அணில் இருக்கிறதே.

அவர் மனைவி கணக்கு டீச்சர். முன்னறையில் ஜன்னலுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து, லேப்டாப் வழியாக வேறு தேசத்துப் பிள்ளைகளுக்குக் காலையில் பாடம் எடுப்பார். கொஞ்ச காலமாக அந்தப் பாடம் ஒழுங்காக நடப்பதில்லை. பின்னத்தை வகுக்கும்போது, “கீழ இருக்கிறத அப்படியே மேல...” என்று தொடங்கியவர், வாய் திறந்தபடி, ஒரு கண் பாதி மூடியபடி திரையில் சிலையாகிவிடுவார். பிள்ளைகள் அந்தப் படத்தைப் பிடித்து வைத்து, ஆளுக்கு ஆள் அனுப்பி விளையாடினார்கள். ஒரு நாள் அவர் அப்படி உறைந்தவர் மீண்டு வருவதற்குள் ஒரு பையனுக்கு மீசை அரும்பிவிட்டது என்று கண்ணாடிக்காரர் கடையில் சொல்வார். அது கொஞ்சம் மிகை. ஆனால் வகுப்புகளை நடத்தும் கம்பெனி சொன்னதில் மிகை இல்லை. இன்னும் இப்படியே போனால் வகுப்பை வேறு டீச்சருக்குக் கொடுத்துவிடுவோம் என்று நயமாகச் சொல்லிவிட்டார்கள். அன்றைக்கு டீச்சர் வெந்நீர் வைக்க அடுப்பைப் பற்றவைத்துவிட்டு, பாத்திரத்தை வைக்க மறந்து, வெறும் தீயைப் பார்த்துக்கொண்டே நின்றார்.

தெருவின் ஒயர்களைப் பார்த்துக்கொள்வது கேபிள் அக்கா. தோளில் ஏணி, இடுப்பில் கருவிப் பை, பேச்சில் எப்போதும் ஒரு கிண்டல். கூப்பிட்ட போதெல்லாம் வந்தார். வெளி ஒயரை மாற்றினார். நெட் பெட்டியை மாற்றினார். கம்பத்தில் ஏறி இணைப்பை அவிழ்த்துப் புதிதாகக் கட்டினார். எல்லாம் முடித்துவிட்டுக் கடைசியில் கேட்டார்:

“அண்ணே, லைன் பளிச்சுனு இருக்கு. வீட்டுக்குள்ள வேற ஏதாவது மெஷின் நெட்ட இழுக்குதா?”

“எங்க வீட்டுல ஏது வேற மெஷின்?” என்றார் கண்ணாடிக்காரர். டீச்சர் பக்கத்திலேயே நின்றுகொண்டிருந்தார்.

“பின்ரூம்ல ஒரு கம்ப்யூட்டர் இருக்கே?” என்றார் டீச்சர்.

“அது கடை வேலைக்கு. நான் இல்லாதப்போ அது தூங்கும்.”

அது தூங்குவதில்லை. அது கடை வேலைக்கும் இல்லை. அதற்குள் ஒரு கோட்டை இருந்தது, கோட்டைக்கு ஒரு படை இருந்தது, படைக்குத் தளபதி கண்ணாடிக்காரர். சாயங்காலம் கடையை அடைத்துவிட்டு வந்து, ‘வேலை இருக்கு’ என்று கதவைச் சாத்திக்கொண்டால், எங்கெங்கோ இருக்கிற முகம் தெரியாத வீரர்கள் எல்லாம் அவர் கண்ணசைவுக்குக் காத்திருப்பார்கள். கடையிலோ, பிள்ளைகளை அழைத்து வருகிற தாய்மாரிடம், ‘கம்ப்யூட்டர் கேம்தான் கண்ணுக்கு எமன், வீட்டுக்குள்ளயே விடாதீங்க’ என்று காது புளிக்கப் புளிக்கப் பேசுகிறவர். மனைவியிடம், அந்தச் சனியனை எப்போதோ விட்டுத் தொலைத்துவிட்டதாகச் சொல்லியிருந்தார். அப்புறம் எந்த வாயால் அதில் கேம் இருக்கிறது என்று ஒத்துக்கொள்வது?

ஒத்துக்கொள்ள முடியாத எரிச்சல் வேறு வழியில் வெளியே வந்தது. அடுத்த சனிக்கிழமை மறுபடி வகுப்பு நின்றதும், கடையிலிருந்து வந்து கேபிள் அக்காவை வரவழைத்து, வீட்டு கேட்டருகே நிறுத்தி, தெருவே கேட்கும்படி கத்தினார்.

“ஏம்மா, உனக்கு ஏணி ஏறத் தெரியுது, வேலை தெரியலியே! ஒரு அணிலைக் கூடச் சமாளிக்க முடியாத உனக்கு எதுக்கு இந்தப் பை?”

மாடிகளில் தலைகள் எட்டிப் பார்த்தன. யாரோ சிரித்தார்கள். ஏணியை மடக்கிக்கொண்டிருந்த கேபிள் அக்கா, மடக்குவதை நிறுத்தவில்லை. கண்ணாடிக்காரருக்கு அது போதவில்லை. அங்கேயே நின்று ஆபீசுக்குப் போன் போட்டு, படையைத் திரட்டுகிற தோரணையில் புகார் சொன்னார். அவர் போனை வைத்ததும் அக்கா அவர் அருகே வந்தார். அன்றைக்கு அவர் பேச்சில் கிண்டல் இல்லை.

“அண்ணே, என்னைத் திட்டுங்க, பரவால்ல. ஆபீசுக்குப் போன் பண்ணாதீங்க. ஏற்கனவே ஆள் ஜாஸ்தின்னு யாரை வேலைய விட்டு எடுக்கலாம்னு பார்த்துக்கிட்டு இருக்காங்க.”

“வேலைய ஒழுங்கா பார்த்தா யாரு எடுக்கப் போறா?” என்று சொல்லிவிட்டு உள்ளே போனார் கண்ணாடிக்காரர்.

இரண்டொரு நாளில் அவருக்குக் காய்ச்சல் வந்தது. கடைக்குப் போகவில்லை. காலையில் போர்வையைச் சுற்றிக்கொண்டு தண்ணீர் குடிக்க எழுந்தவர், பின்னறையைத் தாண்டும்போது ஒரு இரைச்சலைக் கேட்டார். உள்ளே, கம்ப்யூட்டரின்மேல் வெளிச்சம் தெரியாமலிருக்க அவரே போட்டு வைத்த துண்டு. தொட்டால் சுட்டது, அவரைவிட அதற்குக் காய்ச்சல் அதிகம். துண்டை விலக்கித் திரையைப் போட்டார். அவர் கேம்களை வாங்கி அடுக்கி வைத்திருக்கிற மென்பொருள், ஒவ்வொரு கேமுக்கும் புதுப் பதிப்பை இறக்கிக்கொண்டிருந்தது. நீலக் கோடு ஒன்று வாய்க்காலில் மடை திறந்த மாதிரி ஓடிக்கொண்டிருந்தது.

முன்னறையில் டீச்சரின் குரல்: “கேக்குதா? யாருக்காவது கேக்குதா?”

கண்ணாடிக்காரர் திரையில் ‘நிறுத்து’ என்றிருந்த இடத்தில் அழுத்தினார்.

“ஆ, இப்ப கேக்குதா? நல்லது. கீழ இருக்கிறத மேல...”

  தற்செயலாக இருக்கலாமே? ‘தொடர்’ என்றிருந்த இடத்தில் அழுத்தினார்.

“...மேல... ஹலோ? ஹலோ?”

நிறுத்தினார்.

“இருக்கேன், இருக்கேன், எல்லாரும் இருங்க, போயிடாதீங்க.”

இன்னும் ஒரு தரம் சோதித்துப் பார்க்காமல் இருந்திருக்கலாம். ஆனாலும் பார்த்தார். இந்த முறை டீச்சர் ஹலோ சொல்லவில்லை. நாற்காலி பின்னுக்கு இழுபடும் ஓசையும், ஒரு பெருமூச்சும் மட்டும் வந்தன. கட்டின மனைவியின் குரலை ஒரு விரலால் அமுக்கியும் விட்டும் விளையாடிக்கொண்டிருக்கிறோம் என்று அப்போதுதான் உறைத்தது. நிறுத்திவிட்டு, மவுசை ஏதோ அழுக்குப் பட்டது மாதிரி தள்ளி வைத்தார்.

எப்படி நடந்தது என்பதும் அவருக்கு ஞாபகம் வந்தது. ஒரு சாயங்காலம் கோட்டையை எதிரி சூழ்ந்த நேரத்தில் அப்டேட் வந்து குறுக்கே படுத்துக்கொண்டது. அது இறங்கி முடிப்பதற்குள் கோட்டை போய்விட்டது. படையில் பாதிப் பேர் அவரைக் கோழை என்று சொல்லிவிட்டு வேறு தளபதியிடம் போய்விட்டார்கள். அந்த ஆத்திரத்தில், தானாக அப்டேட் ஆவதை நிறுத்தியே தீருவது என்று செட்டிங்குகளைக் கிளறினார். எல்லாவற்றையும் சேர்த்து நிறுத்த ஒரே விசை இல்லை. ஒவ்வொரு கேமாகத் திறந்து, ‘நான் விளையாடத் திறந்தால் மட்டும் அப்டேட் செய்’ என்று தனித்தனியாக மாற்ற வேண்டும். தள்ளுபடி என்று கண்டபோதெல்லாம் வாங்கிக் குவித்த கேம்கள் அவரிடம் ஏராளம். அத்தனையையும் விளையாட இன்னும் மூன்று பிறவி வேண்டும், அதிலும் ஒரு பிறவியில் கண் கெட்டுப்போனால் நான்கு. சோம்பலில் சுருக்கு வழி தேடினார். இந்த நேரத்துக்குள் மட்டும் இறக்கிக்கொள் என்று நேரம் குறித்துக் கொடுக்க ஓரிடம் இருந்தது. தாம் கடையில் இருக்கும் காலை நேரத்தைக் குறித்துக் கொடுத்தார். யாருக்கும் இடைஞ்சல் இல்லாத நேரம் என்று அன்றைக்குத் தன் தோளைத் தானே தட்டிக்கொண்டார். அந்த நேரத்தில் வீட்டில் இன்னொரு ஆள் இருக்கிறார், உழைத்துக்கொண்டிருக்கிறார் என்பது அவர் மண்டையில் ஏறவேயில்லை.

காய்ச்சலோடு உட்கார்ந்து, ஒவ்வொரு கேமாகத் திறந்து மாற்றினார். மாற்றி முடித்துப் போய்ப் படுத்தார். இனி யாருக்கும் தெரிய வேண்டியதில்லை என்ற நினைப்பு போர்வையைவிடக் கதகதப்பாக இருந்தது.

அன்று மத்தியானமே கேபிள் ஆபீசிலிருந்து ஒரு புது ஆள் வந்தார். கம்பத்தை அண்ணாந்து பார்த்தார். ஒரு திருகாணியை முறுக்கினார். போய்விட்டார். மறுநாளிலிருந்து டீச்சரின் வகுப்பு தங்கு தடையில்லாமல் ஓடியது.

“ஆள மாத்தினதும் எப்படி இருக்கு பார்த்தீங்களா?” என்றார் டீச்சர். “நீங்க மட்டும் அன்னிக்குச் சத்தம் போடலேன்னா என் வகுப்பு போயிருக்கும். அந்தம்மாவுக்குப் போய் நான் டீ வேற போட்டுக் கொடுத்தேன்.”

கண்ணாடிக்காரரால் வாயில் இருந்த சோற்றை விழுங்கவும் முடியவில்லை, துப்பவும் முடியவில்லை.

ஆபீசிலிருந்தும் போன் வந்தது. “சார், புது ஆள் வந்தப்புறம் பிரச்சனை இல்லையே? அப்போ அந்தம்மா மேலதான் தப்புன்னு முடிச்சுடட்டுமா?”

“ம்” என்றார்.

அந்த ஒரு எழுத்து அவரைத் தூங்க விடவில்லை. கடையில் எழுத்து அட்டையைக் காட்டி ‘படிங்க’ என்றால், வருகிறவர்கள் எந்த வரியைப் படித்தாலும் அவர் காதில் ‘ம்’ என்றே விழுந்தது. ஒரு பெரியவருக்கு இடக்கண் கண்ணாடியை வலக்கண்ணுக்குப் போட்டுவிட்டார். அந்தப் பெரியவர் கதவு என்று நினைத்து அலமாரிக்குள் போக இருந்தார்.

வெள்ளிக்கிழமை கடையைப் பாதியில் பூட்டிவிட்டு, கேபிள் ஆபீசின் சாமான் கிடங்குக்குப் போனார். அக்காவை அங்கே தரையில் உட்கார வைத்து, சிக்கிப்போன பழைய ஒயர்களைப் பிரிக்கச் சொல்லியிருந்தார்கள். வாரக் கடைசியோடு வரவேண்டாம் என்று சொல்லியாகிவிட்டதாம். கண்ணாடிக்காரர் நின்றபடியே, ஒயரைப் பார்த்தபடியே, எல்லாவற்றையும் சொன்னார். கோட்டையைக்கூட விடவில்லை.

அக்கா வேலையை நிறுத்தாமல் கேட்டுக்கொண்டிருந்தார்.

“அப்போ அணில்?”

“அணிலே இல்லம்மா.”

“நான் அதுக்குப் பொறி வேற வாங்கி வச்சேன்.” சிரிக்கவில்லை. “இத எங்கிட்ட சொல்லி என்ன அண்ணே பிரயோஜனம்? எனக்குத்தான் தெரியுமே, தப்பு எம்மேல இல்லன்னு. எங்க நின்னு கத்தினீங்களோ அங்க வந்து சொல்லுங்க. எங்க மேனேஜரையும் கூட்டிட்டு வர்றேன்.”

“இங்கயே மேனேஜர்கிட்ட சொல்லிடறேனே?”

“இங்க யாரும் என்னைப் பார்த்துச் சிரிக்கல.”

சனிக்கிழமை காலை. முன்னறையில் டீச்சர் காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு வகுப்பு எடுத்துக்கொண்டிருந்தார். கேட்டருகே கேபிள் அக்கா, பக்கத்தில் மேனேஜர். மாடிகளில் அதே தலைகள். கண்ணாடிக்காரர் தொண்டையைச் செருமினார்.

“கொஞ்சம் எல்லாரும் கேளுங்க. இந்தம்மா வேலையில ஒரு குறையும் இல்ல. நான் கேம் ஆடுறவன். என் கம்ப்யூட்டர் காலையில தானா அப்டேட் இறக்கி, நெட்டை முழுசா உறிஞ்சியிருக்கு. நான்தான் அந்த நேரத்தைக் குறிச்சுக் கொடுத்தேன்.”

“சத்தமா சொல்லுங்க, கேக்கல!” என்று ஒரு மாடியிலிருந்து குரல் வந்தது. அவரிடம் மகனுக்குக் கண்ணாடி வாங்கிய தாய். நன்றாகவே கேட்டிருக்கும். இருந்தாலும் கண்ணாடிக்காரர் இன்னும் சத்தமாகச் சொன்னார். சொல்லச் சொல்ல காது மடல் வரை சூடேறியது.

“கேம் கண்ணுக்கு எமன்னு சொன்னது யாரு சார்?” என்றார் எதிர்வீட்டுக்காரர்.

“நான்தான்.”

“அந்த அணில்?”

“அதுவும் நான்தான்.”

தெரு விழுந்து விழுந்து சிரித்தது. மேனேஜர் மட்டும் சிரிக்காமல், “புகார வாபஸ் வாங்கிக்கிறீங்களா சார்?” என்று கேட்டார். “வாங்கிக்கிறேன். தப்பு என்னோடதுன்னே போட்டுக்கோங்க.” மேனேஜர் அக்காவைப் பார்த்து, திங்கட்கிழமை வழக்கம்போல இந்தத் தெருவுக்கே வந்துவிடச் சொன்னார். அக்கா சரி என்றார். கண்ணாடிக்காரர் பக்கம் திரும்பவில்லை.

சிரிப்புச் சத்தம் கேட்டு வகுப்புக்கு இடைவேளை விட்டுவிட்டு, பேனாவும் கையுமாக டீச்சர் வெளியே வந்தார்.

“என்ன கூட்டம்? இந்தம்மா எதுக்கு மறுபடி வந்திருக்காங்க?”

மாடியில் சிரிப்பு சட்டென்று நின்றது. இவ்வளவு நேரம் வாய் ஓயாத தெரு, ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டது. எதிர்வீட்டுக்காரருக்கு உள்ளே ஏதோ வேலை ஞாபகம் வந்தது.

“அண்ணிகிட்ட நீங்களே சொல்லுங்க அண்ணே” என்றார் கேபிள் அக்கா.

“ஒண்ணுமில்ல...” என்று வாய் தன் பழக்கத்தில் ஆரம்பித்துவிட்டது. டீச்சர் பேனாவை மூடாமல் அவரையே பார்த்துக்கொண்டிருந்தார். கண்ணாடிக்காரர் தலையைக் குனிந்துகொண்டார்.

“உள்ள வா. உன் வகுப்பு நின்னதெல்லாம் என்னாலதான். பின்ரூம்ல ஒண்ணு காட்டணும்.”