ராய்ஸ்டனின் டேப்

1.
இந்தக் கதை ஒரு குற்றத்திலிருந்து வந்தது. குற்றம் என்னுடையது. அதனால்தான் முதல் வரியைப் பதினோரு தடவை மாற்றினேன்.

இங்கிலாந்தின் ஷெஃபீல்டில் மழை பெய்துகொண்டிருந்த ஒரு... சீ, அங்கே எப்போதுதான் பெய்யவில்லை?

ராய்ஸ்டன் பிக்கரிங் ஒரு மேதை... அதுவும் இல்லை. கத்திப் பட்டறையில் சாணை பிடித்தவன். 1980இல் எங்கள் இசைக்குழுவில் சின்தசைசர் வாசித்தான். எங்களுடைய ஒரே ஹிட் பாட்டின் மெட்டு அவன் போட்டது. போதும், இப்படியே தொடங்கித் தொலைக்கிறேன்.

2.
பட்டறையில் பத்து வருடம் அதிர்ந்த கை. குளிர் ஏறினால் விரல்கள் வெளுத்து மரத்துப்போகும். மேடையில் மானம் போகக் கூடாதென்று தன் வாசிப்பையெல்லாம் அவனே டேப்பில் பதிந்து என்னிடம் கொடுத்தான். ஒலியைக் கூட்டிக் குறைக்கும் மேசை என் பொறுப்பு.

"விரல் மக்கர் பண்ணா மட்டும் இத ஓட்டு மாப்ள. அப்போ நான் தலையாட்டிக் காட்டுவேன்."

பாடகன் கிளைவ் இதைக் கண்டுபிடித்துவிட்டான். அடுத்த மாதம் டிவியில் கூப்பிட்டார்கள். [டிவியில் எல்லோரும் பாசாங்குதான். பாட்டு ஓடும், நாங்கள் வாயும் கையும் அசைப்போம்.]

"டேப்புதான் வாசிக்குதே, இவன் எதுக்கு? மூஞ்சியப் பாரு, பொணவறை வாட்ச்மேன் மாதிரி," என்றான் கிளைவ்.

ராய்ஸ்டன் இடத்தில் ஓர் அழகன் நின்றான். பிறகு ஊர் ஊராகப் போன கச்சேரிகளிலும் அவனே நின்றான். டேப்பை ஓட்டியவன் பெயர் கீத் என்று

(கீத் என்று யாரும் இல்லை. நான்தான். வாயே திறக்கவில்லை.)

3.
ஒரு சனிக்கிழமை. பள்ளிப் பிள்ளைகளுக்கான மதியக் கச்சேரி. அழகனுக்குக் காய்ச்சல். வேறு வழியில்லாமல் ராய்ஸ்டனைக் கூப்பிட்டார்கள்.

"டேப் வேணாம்டா," என்று என் சட்டையைப் பிடித்துக்கொண்டான். "இன்னிக்கி நெஜமா வாசிக்கறேன். முடியலன்னா இனிமே சின்தசைசரத் தொடவே மாட்டேன். சத்தியமா."

"சரி மாப்ள," என்றேன்.

ஆனால் பாட்டு தொடங்கும்போதே டேப்பையும் சத்தமில்லாமல் ஓடவிட்டேன். ஏன்? நம்பவில்லை, அவ்வளவுதான். என் ஹெட்போனில் அவனுடைய முதல் நாலு சுரங்கள் விழுந்தன. ஐயோ, கேட்கச் சகிக்கவில்லை. அவன் தலையாட்டவில்லை. இருந்தும் அவன் ஒலியை அடைத்துவிட்டு டேப்பை ஏற்றினேன். பிள்ளைகள் கூரை அதிரக் கத்தினார்கள். அவன் முகம் மலர்ந்ததை நான் பார்த்தேன்.

4.
முடிவு அ: அவன் சின்தசைசரைத் தூக்கி உடைக்கிறான். பொய்.

முடிவு ஆ: கிளைவ் மன்னிப்புக் கேட்கிறான். சிரிக்காதீர்கள்.

நடந்தது இது. பின்வாசலில் ராய்ஸ்டன் கைகளை அக்குளுக்குள் செருகிக்கொண்டு நின்றான். கண் கலங்கியிருந்தது.

"நான்தானே வாசிச்சேன்? சொல்லுடா. நீ சொன்னா நம்புவேன்."

ஆமாம் என்றால், நாளைக்கே கிளைவிடம் போய்த் தன் இடத்தைக் கேட்பான். டேப் ஓடியது தெரிந்த கிளைவ் எல்லோர் முன்னாலும் உண்மையைப் போட்டு உடைப்பான். இல்லை என்றால், சத்தியம் செய்தவன், இனி தொடவே மாட்டான். அந்த மெட்டைப் போட்ட கை அது.

அன்று நான் சொன்ன பதிலை இங்கே எழுதினேன், அடித்தேன். மறுபடி எழுதினேன், மறுபடி அடித்தேன். என்னால் ஆகாது. அவன் உங்களைத்தான் பார்த்துக்கொண்டு நிற்கிறான். நீங்களே சொல்லிவிடுங்கள்.