தர்லோ வீடு எல்லைக்குப் போனது

பார்லி விலை படுத்துப்போன வருடம், ஈஸ்டர் கழிந்த செவ்வாய்க்கிழமை, தேநீர் வேளையில் தர்லோ வீடு எழுந்து நான்கு அடி கிழக்கே நகர்ந்து உட்கார்ந்தது. உள்ளே பெரில் தர்லோ கெட்டிலை அடுப்பில் வைத்திருந்தாள். தண்ணீர் தன் பாட்டுக்குக் கொதித்தது, ஒரு சொட்டுச் சிந்தவில்லை. சுவரில் ஏறியிருந்த ரோஜாக் கொடிதான் பிடிமானம் போய்த் தொப்பென்று விழுந்தது. விஸ்ஸிங் ஊரில் இதற்காக யாரும் வாயைப் பிளக்கவில்லை. மாவட்ட அலுவலகத்து ஆட்கள் வந்து பழைய கட்டிடங்களையெல்லாம் பாதுகாப்புப் பட்டியலில் ஏற்றிவிட்டுப் போன நாள் முதலாக இந்தக் கூத்துதான் நடந்துகொண்டிருந்தது. ஒரு செங்கல்லைத் தொடக் கூடாது, ஒரு ஜன்னலை மாற்றக் கூடாது, ஆணி அடிப்பதென்றாலும் அனுமதி வாங்க வேண்டும். அசையாதே என்று சொன்ன பிள்ளைக்குத்தான் மூக்கு அரிக்கும். பண்ணைக் களஞ்சியம் ஒரு ஞாயிற்றுக்கிழமை பிரசங்கம் முடிவதற்குள் மறுபக்கம் திரும்பிக்கொண்டது. மைல்கல் உருண்டு உருண்டு இப்ஸ்விச் பட்டணத்தை ஊருக்குக் கிட்டே கொண்டுவந்தது. பஸ்காரன் மட்டும் டிக்கெட் விலையைக் குறைக்கவில்லை. சிவப்பு டெலிபோன் கூண்டு பப் வாசலுக்குக் குடிபோனது, அதன் பிறகு பெண்டாட்டிமாருக்குப் புருஷனைத் தேடுவது சுலபமாயிற்று. பழைய பன்றிக் கொட்டில்தான் இருந்த இடத்திலேயே இருந்தது. தன்னையும் பட்டியலில் சேர்த்த சங்கதி அதற்கு இன்னும் தெரியாது என்று பப்பில் பேசிக்கொண்டார்கள்.

தர்லோ வீட்டுக்குக் கால் முளைத்த அதே காலத்தில்தான் வீட்டுக்காரன் ஸ்டானுக்குக் கால் போனது. வைக்கோல் போரின் உச்சியிலிருந்து விழுந்தான். இடுப்புக்குக் கீழே விறகுக்கட்டை. ஆஸ்பத்திரியில் ஒரு சக்கர நாற்காலி கொடுத்தார்கள். மடித்து உள்ளே கொண்டுவந்ததென்னவோ நிஜம், விரித்து ஸ்டானை அதில் உட்கார வைத்த பிறகு அது வாசலைத் தாண்ட மாட்டேன் என்றுவிட்டது. முன்வாசல் நிலை முழுக்க ஓக் மரம். மனிதர்கள் கருவாடு மாதிரி இருந்த ஏதோ ஒரு ராஜா காலத்தில் செய்தது. ஸ்டானோ உழவு மாடு. பின்வாசல் அதைவிடக் குறுகல், அதற்கும் தனியாகப் பாதுகாப்பு. முதல் ஞாயிறன்று நான்கு பேர் அவனைத் தூக்கிக் கோயிலுக்குக் கொண்டுபோனார்கள். ஊரே திரும்பிப் பார்த்தது, பாவம் பாவம் என்றது. வீட்டுக்கு வந்ததும் ஸ்டான் சொன்னான்: "இன்னொரு தடவை என்னைத் தூக்கறதா இருந்தா பெட்டியில வெச்சுத் தூக்குங்கடா. அதுவரைக்கும் எவனும் கைய வைக்காதீங்க."

அதற்குப் பிறகு மூன்று அறுவடை போயிற்று. முதல் வருடம் ஜன்னலருகே உட்கார்ந்து போகிறவன் வருகிறவனையெல்லாம் வைதான். இரண்டாம் வருடம் கோப்பைகளை விட்டெறிந்தான். மூன்றாம் வருடம் நாற்காலியைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டு வாயை மூடிவிட்டான். கத்துகிற புருஷனோடு காலம் தள்ளிவிடலாம். பெரில் முப்பது வருடம் தள்ளியவள்தான். ஆனால் சுவரைப் பார்த்துக்கொண்டு ஆட்டுக்கறி அடையை ஆறவிடுகிற புருஷன் அவளுக்குப் பழக்கமில்லை. வெயிலும் வயலும் கண்ணில் படாவிட்டால் இந்த ஆள் குளிர்காலத்தைத் தாண்ட மாட்டான் என்று அவளுக்குப் பட்டது. அவனைத் தனியே விடப் பயந்து அவளும் வீட்டோடு கிடந்தாள். ரொட்டி வண்டிக்காரன் வாசலில் நின்று கொடுப்பதை வாங்கிக்கொள்வாள், அவ்வளவுதான் அவள் பார்த்த உலகம்.

பழங்கட்டிட அதிகாரி மிஸ்டர் ஆல்டஸ் மாதாமாதம் வந்தார். நல்ல மனிதர். மிதியடியில் காலைத் துடைக்காமல் உள்ளே வரமாட்டார். வந்ததும் நிலையைத்தான் முதலில் தடவிப் பார்ப்பார்.

"இந்த மாதிரி நிலை இந்த ஜில்லாவுலயே மூணுதான் இருக்கு, மிசஸ் தர்லோ."

"ஸ்டான் ஒண்ணுதான் இருக்காரு, மிஸ்டர் ஆல்டஸ்."

"எனக்குப் புரியாம இல்ல. ஆனா இன்னிக்கு உங்களுக்காக ஒரு கை அகலம் வெட்டினா, நாளைக்கு எல்லாரும் ரம்பத்தோட வந்து நிப்பாங்களே?"

"எல்லாரும் வைக்கோல் போர்லேருந்து விழுந்தாங்களா என்ன?"

அவர் தேநீரைக் குடித்துவிட்டு, கேக்கையும் தின்றுவிட்டு, மேலிடத்தில் கேட்டுச் சொல்கிறேன் என்று போவார். மேலிடம் எப்போதும் ஒரே பதிலைத்தான் சொன்னது.

வீட்டுக்கு மட்டும் மேலிடமும் இல்லை கீழிடமும் இல்லை. தனக்குத் தோன்றியபோது எழுந்தது, தோன்றியபோது உட்கார்ந்தது. ஆப்பிள் மரங்களுக்கு நடுவே புகுந்து ஒரு கிளையும் ஒடியாமல் வெளியேறியது. பழைய இடத்தில் பள்ளம் விழுந்து, அதில் செந்தட்டி முளைத்தது. குழாய்க்காரன் அடிக்கடி வந்து ஒரு துண்டுக் குழாயைச் சேர்த்துவிட்டு, "உங்க வீட்டால என் பொண்ணு கல்யாணம் முடிஞ்சிடும் போலிருக்கே" என்று சிரித்தான். அனுமதியின்றி இடம்பெயர்வது குற்றம் என்று ஆல்டஸ் கதவில் ஒரு அறிவிப்பு ஒட்டினார். வீடு அதையும் தூக்கிக்கொண்டு நடந்தது. பெரிலுக்கு வந்ததே ஆத்திரம்! துடைப்பத்தால் அடுப்படிச் சுவரை நாலு சாத்துச் சாத்தினாள். "வெக்கமா இல்ல? கால் இருக்கற மனுஷன் உள்ள மக்கிப்போறான், கால் இல்லாத நீ ஊர் சுத்தறியா? உன்கிட்ட யாராவது நடக்கச் சொன்னாங்களா?" வீடு உத்தரத்தை ஒரு முறை நெறித்துக்கொண்டது. அடுத்த வாரம் புல்வெளியைக் கடந்து ஓடைக்கரையில் போய் உட்கார்ந்தது. அங்கிருந்து அசையவில்லை.

அது உட்கார்ந்த இடம் ஊர் எல்லை. அடுப்படி விஸ்ஸிங்கில், படுக்கையறை பக்கத்து ஊரான தாக்ஸமில். எல்லைக் கல்லுக்குக் கல் இழுத்த கோடு முன்வாசலில் புகுந்து, கூடத்தைக் கடந்து, பின்வாசலில் வெளியேறியது. தாக்ஸம்காரர்கள் சும்மா இருப்பார்களா? வீட்டில் பாதி எங்களுடையது, வரியிலும் பாதி எங்களுக்கு என்றார்கள். விஸ்ஸிங்காரர்கள், புகைபோக்கி எங்கே இருக்கிறதோ அங்கேதான் வீடு என்றார்கள். பப்பில் ஒரு மூக்கு உடைந்தது. பெரில் இதையெல்லாம் ரொட்டிக்காரன் வாயால் கேட்டாள். அன்று முழுக்க அடுப்படிக்கும் கூடத்துக்கும் நடையாய் நடந்தாள். ஸ்டானுக்குப் போட வேண்டிய சர்க்கரையைத் தன் கோப்பையில் போட்டுக்கொண்டாள்.

வசந்த காலத்தில் ஊர் எல்லையை நடந்து, கல்லுக்குக் கல் வில்லோ மரக் குச்சியால் அடித்து வருவது அந்தப் பக்கத்து வழக்கம். வீட்டுக்கு வீடு டெலிவிஷன் வந்த பிறகு எவனும் போகவில்லை. ஆனால் வழக்கம் வழக்கம்தான். எல்லைக் கோட்டை விட்டு விலகக் கூடாது. குளம் வந்தால் முழங்கால் நனைய இறங்க வேண்டும், வேலி வந்தால் பிரிக்க வேண்டும். முன்னொரு காலத்தில் தாக்ஸம்காரன் ஒருவன் கல்லை நகர்த்திவிட்டானாம். அதிலிருந்து ஊருக்கு ஒருவராக இரண்டு பேர் தோளோடு தோள் உரச முன்னால் நடக்க வேண்டும், தோள் பிரிந்தால் அந்த வருட நடை செல்லாது. ஸ்டானுக்கு நற்கருணை கொடுக்க வந்த பாதிரியார் கோபோல்டைப் பெரில் வாசலிலேயே மடக்கினாள்.

"இந்த வருஷம் எல்லை நடக்கறீங்களா, இல்ல என் படுக்கைய தாக்ஸமுக்குத் தாரை வார்க்கறீங்களா?"

"பெரில், வீடு கோட்டு மேலேயே உக்காந்திருக்கே அம்மா. வாசல்ல ரெண்டு பேர் சேந்தாப்ல நுழைய முடியாதே."

"அப்ப நுழையற மாதிரி செய்யுங்க. நடை பழசா, வீடு பழசா?"

பாதிரியார் யோசித்தார். நடைதான் பழசு. வீட்டைக் கட்டினவனின் பாட்டன் நடந்த நடை அது.

எல்லை நடக்கிற நாளில் இரண்டு ஊரும் திரண்டது. டெலிவிஷனை விட இது சுவாரசியம் என்று தெரிந்துவிட்டது. முன்னால் விஸ்ஸிங்கின் கோயில் மணியடிக்கும் மாப்ஸ், பக்கத்தில் தாக்ஸமின் கசாப்புக்கடை பெட்டிட், இரண்டுமே பீப்பாய். யாரோ சம்மட்டி கொண்டுவந்தார்கள். முன்வாசலில் மிஸ்டர் ஆல்டஸ் நின்றார், இரண்டு கையையும் விரித்து, உள்ளங்கைகள் இரண்டு பக்க நிலையிலும் பட. முகம் வெளுத்திருந்தது. "என்னைத் தாண்டித்தான் இதைத் தொடணும்," என்றார். பாவம், அந்த மரத்தை அவர் உண்மையாகவே நேசித்தார்.

பெரில் சம்மட்டியைப் பிடுங்கி ஓங்கினாள். ஓங்கிய கை இறங்கவில்லை. முப்பது வருடமாக மெழுகு போட்டுத் துடைத்த மரம். கல்யாணத்தன்று ஸ்டான் அவளைத் தூக்கிக்கொண்டு நுழைந்தபோது அவள் தலை இடித்த மரம். சம்மட்டியைக் கீழே போட்டுவிட்டு நிலையில் கையை வைத்தாள். மூன்று வருடமாக அதை வைதிருக்கிறாள், அடித்திருக்கிறாள், கேட்டதில்லை. கோயில் பெஞ்சில் பக்கத்து ஆளிடம் கேட்பதுபோலக் கேட்டாள்: "கொஞ்சம் தள்ளிக்கயேன். ஆள் வருது."

நிலை முனகியது. ஆல்டஸின் இடது கையை விட்டு மரம் விலகியது, பிறகு வலது கையை விட்டு. அவர் கைகளை எட்டின மட்டும் நீட்டிப் பார்த்தார், காற்றுதான் கிடைத்தது. வாசற்படி மண்ணோடு மண்ணாகத் தணிந்தது. ஆல்டஸ் பைக்குள்ளிருந்து அளவுநாடாவை எடுத்து அளந்தார். பழைய மர முளைதான், பழைய உளித் தடம்தான், ரம்பம் பட்ட சுவடு எங்கும் இல்லை. "எதையும் மாத்தலையே," என்று மெல்லச் சொல்லிவிட்டு ஒதுங்கி நின்றார்.

மாப்ஸும் பெட்டிட்டும் தோள் பிரியாமல் உள்ளே வந்தார்கள். கூடத்தில், கோட்டின் மேலேயே, சுவரைப் பார்த்தபடி ஸ்டான் உட்கார்ந்திருந்தான். விலகிப் போக வழக்கம் இடம் தராது. இரண்டு ஊரும் அவன் முதுகுக்குப் பின்னால் முட்டிக்கொண்டு நின்றது.

"நகருடா ஸ்டான். இல்ல முன்னால போ," என்றான் மாப்ஸ். "நாள் முழுக்க உன் பிடரியப் பாத்துட்டு நிக்க எனக்கென்ன தலையெழுத்தா?"

ஸ்டான் கழுத்தைத் திருப்பி அவனைப் பார்த்தான். பிறகு பின்வாசலைப் பார்த்தான். அதன் நிலையும் விலகி அகலமாகி நின்றிருந்தது. அந்தப் பக்கம் ஓடை, அதற்கப்பால் பச்சைப் பார்லி, அதன் மேல் வெயில். யாரும் அவனைத் தொடவில்லை. அவனே சக்கரத்தில் கையைப் போட்டான், உருண்டான், வெளியே போனான். கூட்டம் அவன் பின்னால் போனது. பெரில் காலியான கூடத்தில் நின்று ஏப்ரனில் முகத்தைப் புதைத்துக்கொண்டு அழுதாள். வேண்டியது நடந்துவிட்டது. அடுத்து என்ன செய்வதென்றுதான் அவளுக்குத் தெரியவில்லை. பழக்கதோஷத்தில் கோப்பைகளை எடுத்து அடுக்கினாள்.

வெளியிலிருந்து சத்தம் வந்தது. ஒரு வருடமாகக் கேட்காத குரல், கரகரவென்று.

"ஏய் கிழவி! உன்னையும் பட்டியல்ல ஏத்திட்டானுங்களா? வா வெளிய!"

அவள் ஏப்ரனோடுகூட ஓடினாள். ஒரு கை அவன் நாற்காலி முதுகில், மறு கையில் யாரோ கொடுத்த வில்லோக் குச்சி. அடுத்த கல்லை அவள் அடித்த அடியில் குச்சி இரண்டாக முறிந்தது, தாக்ஸம்காரர்களே கைதட்டினார்கள். முன்னால் ஸ்டான், பின்னால் இரண்டு பீப்பாய், பாதிரியார், இரண்டு ஊர், கடைசியில், புகைபோக்கியில் புகை விட்டபடி, தர்லோ வீடு. மாடுகள் மேய்கிற புல்வெளிக்குள் எல்லோரும் போனார்கள். வீடு உள்ளே வரும்வரை மிஸ்டர் ஆல்டஸ் வேலிக் கதவைப் பிடித்துக்கொண்டு காத்திருந்தார், மாடு வெளியே போய்விடக் கூடாதென்று பிறகு அதைச் சாத்தித் தாழ் போட்டார்.